இடம் பிரிந்த சொல்

நாள்தோறும் கிழிக்கப்படும் நாட்காட்டித் தாள் நம் இல்லங்களில் ஒரு சிறு நூலகத்தின் பணியைச் செய்து வந்திருக்கிறது. நடுவில் பெரிய எழுத்தில் தேதி, பக்கத்தில் ஹிஜ்ரி மாதத்தின் பிறை, கீழே ஐவேளைத் தொழுகையின் நேரங்கள், அவற்றிற்கும் கீழே எஞ்சிய இரண்டு விரற்கடை இடத்தில் ஒரு பொன்மொழி. நூல் எதையும் கையில் எடுக்காதவர்கூட அந்த இரண்டு வரியைப் படித்துவிட்டே தாளைக் கிழிப்பார். இன்று அவ்விரண்டு வரி கடையின் கல்லாப்பெட்டிக்கு மேலும், பள்ளிக்கூடச் சுவரிலும், திருமண அழைப்பிதழின் தலைப்பிலும், காலை ஸலாத்தோடு கைப்பேசியில் வந்துசேரும் படத்திலும் குடியேறிவிட்டது. மனம் தளராதே, முயன்றால் முடியும், பொறுமை வெல்லும், விடிவு அருகில் உள்ளது என்னும் பொருள்பட வரும் இச்சிறு வாசகங்களை ஊக்கமொழிகள் என்று இக்கட்டுரையில் வழங்குவோம்.

இவற்றை எள்ளி நகையாடுவது எளிது. நாம் அதற்காக எழுத முற்படவில்லை. நோயாளியின் கட்டிலருகே நின்று எவரும் நூல் வாசிப்பதில்லை. தேர்வில் தவறிய மகனிடம் தந்தை நெடிய சொற்பொழிவு ஆற்றினால் அவன் எழுந்து போய்விடுவான். தளர்ந்த நெஞ்சு தாங்கக்கூடியது ஒரு வாக்கியந்தான். அந்த ஒரு வாக்கியத்தின்மீது ஒரு மனிதன் தன் முழுப் பாரத்தையும் சாய்க்கிறான். ஆகவே அது எங்கிருந்து எடுக்கப்பட்டது, எடுத்த இடத்தில் என்ன சொல்லிக்கொண்டிருந்தது என்னும் வினாக்கள் புலவர்களின் பொழுதுபோக்கு வினாக்கள் அல்ல.

சுருக்கம் நம் மரபுக்குப் புதியதன்று. பொருள் செறிந்த குறுஞ்சொற்கள், அதாவது ஜவாமிஉல் கலிம், தமக்கு அருளப்பட்டிருப்பதை அண்ணல் நபி (ஸல்) அவர்கள் எடுத்துரைத்ததை புகாரீ, முஸ்லிம் ஆகிய இரு தொகுப்புகளும் பதிவு செய்துள்ளன. ஆனால் அக்குறுஞ்சொற்களை நம் முன்னோர் எவ்வாறு கையாண்டனர் என்பது நோக்கற்குரியது. இமாம் நவவீ (ரஹ்) தொகுத்த 42 நபிமொழிகளோடு எட்டினைக் கூட்டி ஐம்பதாக்கி, ஹிஜ்ரி 795இல் (கி.பி. 1393) மறைந்த இப்னு ரஜப் அல் ஹன்பலீ (ரஹ்) ஓர் உரை எழுதினார். ஐம்பது குறுஞ்சொற்களுக்கு ஒரு பெருநூல். எண்ணங்களைப் பற்றிய முதல் நபிமொழிக்கு, உம்மு கைஸ் என்னும் பெண்ணை மணப்பதற்காக ஹிஜ்ரத் செய்த ஒருவரின் கதையே பின்னணி என்று பலரும் சொல்லிவந்தனர். அதற்கு உறுதியான ஆதாரம் தமக்குக் கிட்டவில்லை என்று அவ்வுரையிலேயே இப்னு ரஜப் எழுதிவிட்டார். சொல்லுக்குப் பின்னணி தேடியவர்கள், பொய்யான பின்னணியை ஒட்டவைக்கவும் உடன்படவில்லை என்பதற்கு இஃது ஒரு சான்று.

அரபுப் பழமொழிகளை ஆய்ந்தோர் இதற்கென்றே இரு கலைச்சொற்களை வைத்திருந்தனர். ஒரு சொல் முதன்முதலில் பிறந்த நிகழ்ச்சி அதன் மவ்ரித். பிற்காலத்தார் அதை எடுத்துப் பொருத்தும் நிகழ்ச்சி அதன் மள்ரிப். ஹிஜ்ரி 518இல் (கி.பி. 1124) மறைந்த நைஸாபூர் அறிஞர் மைதானீ, நாலாயிரத்துக்கும் மேற்பட்ட பழமொழிகளைத் திரட்டிய தம் மஜ்மஉல் அம்ஸால் நூலில், இயன்றவரை பழமொழியோடு அதன் கதையையும் சேர்த்தே தருகிறார். ஹுனைனின் காலணிகளோடு திரும்பினான் என்பது அரபியரிடையே வழங்கும் ஒரு தொடர். ஹீரா நகரத்துச் செருப்புத் தைப்பவரான ஹுனைனிடம் ஒரு நாட்டுப்புறத்தான் நெடுநேரம் பேரம் பேசிவிட்டு வாங்காமல் போனான். சினமுற்ற ஹுனைன் முன்னே சென்று ஒரு காலணியை வழியிலும் மற்றொன்றைச் சற்றுத் தொலைவிலும் போட்டுவைத்தார். முதலாவதைக் கண்டு, ஒற்றைக் காலணியால் என்ன பயன் என்று விட்டுச்சென்றவன், இரண்டாவதைக் கண்டதும் ஒட்டகத்தை அங்கேயே நிறுத்திவிட்டு முதலாவதை எடுக்கத் திரும்பினான். ஒட்டகம் போயிற்று, ஊருக்கு அவன் கொண்டுசென்றது இரண்டு காலணிகளை மட்டுமே. கதையை அறியாதவனுக்கு அத்தொடர் வெறும் ஓசை. நம் காலத்து ஊக்கமொழியின் முதல் குறை, அதற்கு மள்ரிப் ஆயிரம் உண்டு, மவ்ரித் ஒன்றுமில்லை என்பதுதான். எவருக்கும் பொருந்தும், எவரிடமும் பிறக்கவில்லை.

மிகவும் பழகிய ஒன்றிலிருந்து தொடங்குவோம். திருக்குர்ஆனின் 94ஆவது அத்தியாயமான அல் இன்ஷிராஹின் நடுவே கடினத்தையும் இலேசையும் இணைத்துப் பேசும் இரு வசனங்கள், நாட்காட்டிகளிலும் சுவர்ப்படங்களிலும் பெரிதும் எடுத்தாளப்படுபவை. துன்பத்துக்குப் பின் இன்பம் என்ற உலகியல் பழமொழியாகவே அவை பெரும்பாலும் விளங்கிக்கொள்ளப்படுகின்றன. ஆனால் மூலத்தில் உள்ள சொல் பஃத அன்று, மஅ என்பதாகும். பின் அன்று, உடன். தமிழில் இதற்கு நேரான, ஒரே அசைச்சுமையுள்ள சொல் கைவசம் இருந்தும் நாம் அதை நழுவவிடுகிறோம். பின் என்று சொல்லும்போது, இப்போதுள்ள நெருக்கடி முழுவதும் வெறும் காத்திருப்பாகிவிடுகிறது. உடன் என்று சொல்லும்போது நெருக்கடிக்குள்ளேயே தேடத்தக்க ஒன்று இருக்கிறது. ஹிஜ்ரி 538இல் (கி.பி. 1144) மறைந்த ஸமக்ஷரீ தம் கஷ்ஷாஃப் விரிவுரையில் இவ்வினாவை எழுப்புகிறார். வரவிருக்கும் இலேசைப் பற்றியதே அவ்வாக்கு என்றே அவரும் கொள்கிறார். எனினும், அஃது அத்தனை அண்மையில் இருப்பதால் கடினத்தோடு கைகோத்து நிற்பதுபோலச் சொல்லப்பட்டது என்றும், ஆறுதலை மிகுவிப்பதே அச்சொல்லின் வேலை என்றும் விளக்குகிறார். ஆக, பின் என்பது முற்றிலும் பிழையென நாம் சொல்லவில்லை. ஆறுதல் எந்தச் சொல்லில் இருந்ததோ அந்தச் சொல்லையே உதிர்த்துவிட்டோம் என்கிறோம்.

இன்னும் ஒன்று. கடினம் என்னும் சொல் அங்கே குறிப்புச்சார்புடன், அல் சேர்ந்து, இருமுறை வருகிறது. இலேசு என்னும் சொல் அல் இன்றி இருமுறை வருகிறது. அரபு இலக்கணப்படி முன்னது ஒன்றையே மீண்டும் சுட்டும், பின்னது வெவ்வேறு இரண்டைக் குறிக்கும். எனவே ஒரு கடினம் இரண்டு இலேசுகளை வெல்லாது என்று முன்னோர் விளக்கினர். ரோமப் படைகளின் பெருக்கத்தைக் கண்டு அபூ உபைதா (ரலி) மடல் எழுதியபோது, கலீஃபா உமர் (ரலி) அவர்கள் விடுத்த மறுமடலில் இவ்விளக்கம் இடம்பெற்றதை இமாம் மாலிக் (ரஹ்) தம் முவத்தாவில் பதிவு செய்துள்ளார். இதோ ஓர் ஊக்கமொழி, தன் முழு மவ்ரிதோடு: எழுதியவர், பெற்றவர், எதிரே நின்ற படை எல்லாம் தெரிகின்றன. இலக்கண நுணுக்கம் ஒன்று போர்முனையில் ஒரு தளபதியின் கையில் ஆறுதலாக மாறிய காட்சி அது. எட்டு வசனங்களே கொண்ட அந்த அத்தியாயத்தில் இவ்விரண்டுக்கு முன்னே மூன்று அருட்கொடைகளின் நினைவூட்டலும், பின்னே, ஓய்ந்ததும் மீண்டும் வணக்கத்தில் முனைக என்னும் கட்டளையும் உள்ளன. சுவர்ப்படம் இருபுறமும் வெட்டி நடுவை மட்டும் மாட்டுகிறது.

பொறுமையைப் பற்றி மற்றொரு சொல். பொறுமை என்பது முதல் அதிர்ச்சியின்போது காட்டப்படுவதே என்னும் கருத்துடைய நபிமொழி, மையித்து வீடுகளில் எளிதாக எடுத்து வீசப்படுகிறது. வீசப்படுகிறது என்று எண்ணித்தான் எழுதுகிறோம். சில ஆண்டுகளுக்கு முன், பிள்ளையைப் பறிகொடுத்த ஒரு தாயின் முன் அமர்ந்து, வந்தவர்கள் ஒருவர் பின் ஒருவராக இதைச் சொல்லக் கேட்டோம். ஐந்தாவதாக வந்தவர் சொன்னபோது அத்தாய் அழுகையை நிறுத்திக்கொண்டார். ஆறுதல் பெற்று நிறுத்தியதாக எமக்குத் தோன்றவில்லை. நாணி நிறுத்தியதாகவே தோன்றிற்று.

அந்நபிமொழியின் மவ்ரித் யாது? அனஸ் (ரலி) அறிவிக்க புகாரீயில் வருகிறது. கப்று ஒன்றின் அருகே அழுதுகொண்டிருந்த ஒரு பெண்ணைக் கடந்து சென்ற அண்ணலார், இறைவனை அஞ்சிப் பொறுமை காக்குமாறு கூறினர். இன்னார் என்று அறியாத அப்பெண், எனக்கு நேர்ந்தது உமக்கு நேரவில்லை, அகன்று போம் என்னும் கருத்தில் கடிந்தாள். அவர்கள் அகன்றார்கள். பின்னர் உண்மை அறிந்து பதறியவளாய் அவர்களின் வீட்டுக்கு வந்தாள். வாயிலில் காவலர் எவருமில்லை. தான் அறியாமல் பேசியதாக மன்னிப்பு வேண்டியபோதுதான் அவ்வொரு வாக்கியம் சொல்லப்பட்டது. கப்றருகே அழுதவளிடம் அல்ல, வாயிலுக்கு வந்து நின்றவளிடம். போம் என்று அவள் சொன்னபோது அவர்கள் செய்தது விலகிச் சென்றது. சொல்லை மட்டும் எடுத்துச் செல்பவர் இந்த விலகலை எடுத்துச் செல்வதில்லை. அழகிய பொறுமை என்னும் சொற்கோவைக்கு உரியவரான நபி யஃகூப் (அலை) அவர்கள் அழுது அழுது கண்கள் வெளுத்துப்போனதையும் அதே யூஸுஃப் அத்தியாயந்தான் கூறுகிறது. தம் அருமை மகன் இப்ராஹீம் மறைந்தபோது அண்ணலாரின் கண்களும் நீர் உகுத்தன. பொறுமைக்கும் கண்ணீருக்கும் பகை மூட்டியது நாட்காட்டித் தாள்; மரபு அன்று.

இனி, உலகெங்கும் இன்று மிகுதியாக மேற்கோள் காட்டப்படும் முஸ்லிம் ஞானியான மவ்லானா ஜலாலுத்தீன் ரூமி (ரஹ்) அவர்களிடம் வருவோம். 1207இல் பிறந்து 1273இல் கூனியாவில் மறைந்த அவர்களின் மஸ்னவி, ஆறு பாகங்களில் ஏறத்தாழ 25,000 ஈரடிகளைக் கொண்டது. கேம்பிரிட்ஜ் அறிஞர் நிக்கல்சன் அதன் மூலத்தையும் ஆங்கில மொழிபெயர்ப்பையும் விளக்கக் குறிப்புகளையும் 1925 முதல் 1940 வரை எட்டுத் தொகுதிகளாக வெளியிட்டார். ஆனால் உலகச் சந்தையில் புழங்கும் ரூமி அந்த எட்டுத் தொகுதிகளிலிருந்து நேரே வந்தவரல்லர். அமெரிக்கக் கவிஞர் கோல்மன் பார்க்ஸ் நிக்கல்சன், ஆர்பெரி முதலியோரின் மொழிபெயர்ப்புகளை வைத்துக்கொண்டு தற்கால ஆங்கிலக் கவிதைகளாக மாற்றி எழுதியவற்றின் பெருந்தொகுப்பு 1995இல் வெளிவந்தது. தமக்குப் பார்ஸி தெரியாது என்பதை அவர் மறைத்ததில்லை. அவருடைய முயற்சியால் கோடிக்கணக்கானோர் அப்பெயரையேனும் அறிந்தனர். அதை மறுப்பது நன்றியன்று. அங்கிருந்து பெயர்த்தெடுத்த ஒற்றை வரிகள் தமிழிலும் வந்துவிட்டன. அவற்றுள் ஒன்று காயத்தைப் பற்றியது: காயம் பட்ட இடந்தான் ஒளி உன்னுள் புகும் வாயில் என்னும் பொருளுடையது. தோல்வியுற்றோருக்கும் மணமுறிவு கண்டோருக்கும் அனுப்பப்படும் செய்திகளில் இதைவிடப் பரவிய ரூமி வாசகம் வேறு இருக்குமா என்பது ஐயமே.

மஸ்னவியின் முதற்பாகத்தின் பிற்பகுதியில், இவ்வரிக்கு ஊற்றான இடத்தைத் திறந்து பார்த்தால் நாம் காண்பது வேறொரு காட்சி. அங்கே புண்ணின்மீது ஈக்கள் மொய்க்கின்றன. மொய்த்த ஈக்களால் புண்ணின் அருவருப்பு அதற்கு உரியவனுக்கே தெரிவதில்லை. அந்த ஈக்கள் அவனுடைய எண்ணங்களும் உடைமைகளும். புண்ணோ, அவனது அகநிலையின் இருள். ஒரு ஞானகுரு அதன்மீது மருந்துப்பற்று இடுகிறார், வலி தணிகிறது. உடனே அவன் புண் ஆறிவிட்டதென்று எண்ணிக்கொள்கிறான். உண்மையில் மருந்தின் கதிர்தான் அவ்விடத்தில் பட்டிருக்கிறது. மருந்திலிருந்து முகத்தைத் திருப்பிக்கொள்ளாதே, தணிவு அந்தக் கதிரால் வந்தது, உன் இயல்பால் வந்ததென்று கருதாதே என்று மவ்லானா எச்சரிக்கிறார். இந்த எச்சரிக்கையை விளக்கத்தான் அடுத்த கதையே வருகிறது: வஹீயை எழுதிவந்த எழுத்தர் ஒருவர், அதன் ஒளிக்கதிர் தம் நெஞ்சில் பட்டுச் சில ஞானச்சொற்கள் தோன்றக் கண்டு, தமக்கும் வஹீ வருவதாகச் செருக்குற்று வழிதவறிய கதை.

இப்போது இரண்டையும் அருகருகே வைத்துப் பாருங்கள். மூலத்தில் புண் அருவருப்பானது. படத்தில் அது அணிகலன். மூலத்தில் மருத்துவர் இருக்கிறார், படத்தில் இல்லை. மூலத்தில் ஒளி இரவல் ஒளி, அதைத் தனதென்று கொள்பவன் கெடுகிறான். படத்தில் அவ்வொளி காயம்பட்டவனுக்கே உரிய பேறு. ஒளி உன்னுடையதன்று என்று சொல்ல எழுந்த பகுதி, உன் காயமே உன் செல்வம் என்று முதுகில் தட்டும் வாசகமாகிவிட்டது. சுருங்கியதால் வந்த குறையன்று இது. சொல் தலைகீழாகத் திரும்பிவிட்டது. மவ்லானாவின் பெயரில் வழங்கும், எவராயினும் வருக என்று அழைக்கும் புகழ்பெற்ற நாலடிப் பாடல் அவர்களுக்கு இருநூறு ஆண்டுகளுக்கு முந்திய அபூ ஸயீத் அபுல் கைர் பெயரிலும் வழங்குவது, அது தனிக்கதை.

பழங்காலத்தாருக்கு மட்டுமே இது நேர்வதாக எண்ண வேண்டாம். நம்மிடையே வாழ்ந்து 2015இல் மறைந்த ஆ.ப.ஜெ. அப்துல் கலாம் அவர்களின் பெயரால் கனவு பற்றிய வாசகங்கள் எத்தனையோ உலவுகின்றன. எதை எங்கே எப்போது சொன்னார் என்று எவரும் கேட்பதில்லை. 1999இல் வெளிவந்த தம் வாழ்க்கை வரலாற்றில் அவர் சொல்லும் முதல் பெருங்கனவோ நிறைவேறாத கனவு. விமானப்படையில் விமானியாகச் சேர டேராடூனுக்குச் சென்றார். 25 பேரில் ஒன்பதாவதாக வந்தார். எடுக்கப்பட்டவர்கள் எட்டுப் பேர். கனத்த மனத்தோடு ரிஷிகேஷுக்குச் சென்றார். அவர் தலைமையில் உருவான எஸ்.எல்.வி.-3 ஏவுகலமும் 1979 ஆகஸ்டு 10ஆம் நாள் கடலில்தான் விழுந்தது; 1980 ஜூலை 18இல்தான் வென்றது. கனவு காணுங்கள் என்ற சொல்லை அந்த ஒன்பதாம் இடத்தோடு சேர்த்துக் கேட்கும் மாணவனுக்கும், தனியாகக் கேட்கும் மாணவனுக்கும் கிடைப்பவை இரண்டு வேறு சொற்கள். தேர்வில் ஓர் இடம் பின்தங்கியவன் முன்னதில் தன்னைக் காண்பான். பின்னதில் தான் சரியாகக் கனவு காணவில்லை என்றே முடிவு செய்வான்.

தமிழில் தன்முன்னேற்ற நூல்களுக்குத் தொடக்ககாலத்திலேயே வழிவகுத்தவர்களுள் ஒருவர் தொண்டியைச் சேர்ந்த எம்.ஆர்.எம். அப்துற் றஹீம் என்பதையும் இங்கே நினைவுகூர்தல் தகும். வாழ்க்கையில் வெற்றி பற்றி எழுதிய அதே கை, வலிமார்களின் வரலாற்றையும் இஸ்லாமியக் கலைக்களஞ்சியத்தையும் எழுதிற்று. ஊக்கமும் வரலாறும் ஒரே மேசையில் எழுதப்பட்ட காலம் ஒன்று நம்மிடம் இருந்தது.

பொருள் நன்றாக இருக்கும்போது, யார் சொன்னால் என்ன என்று கேட்பார் உளர். இவ்வினா புதியதன்று. ஹிஜ்ரி 902இல் (கி.பி. 1497) மறைந்த இமாம் ஸகாவீ (ரஹ்) இதற்காகவே அல்மகாஸிதுல் ஹஸனாவை எழுதினார். மக்கள் நாவில் நபிமொழியென உலவும் 1,300க்கு மேற்பட்ட வாசகங்களை அகரவரிசையில் நிறுத்தி, ஒவ்வொன்றின் பிறப்பையும் விசாரித்த நூல் அது. பின்னர் ஹிஜ்ரி 1162இல் (கி.பி. 1749) மறைந்த அஜ்லூனீ அதை மேலும் விரித்தார். சீனம்வரை சென்றேனும் கல்வி தேடச் சொல்லும் வாசகத்தை, ஸகாவீக்கு முந்நூறாண்டு முன்னரே இப்னுல் ஜவ்ஸீ இட்டுக்கட்டப்பட்டவற்றின் பட்டியலில் சேர்த்திருந்தார். இன்றும் நம் கல்விக்கூட விழாக்களின் பதாகைகளில் அது தவறாமல் நபிமொழியாக ஏறுகிறது. தாய்நாட்டுப் பற்று ஈமானைச் சேர்ந்தது என்னும் வாசகத்துக்கு ஸகாவீ எழுதிய தீர்ப்பு அவருடைய நடுநிலையைக் காட்டும்: தாம் அதை எங்கும் காணவில்லை, பொருள் சரியானதே என்றார். பின்வந்தோர் அப்பொருளையும் கேள்விக்கு உட்படுத்தினர் என்பது வேறு. பொருள் சரி என்று ஒப்புக்கொண்டவரே, காணவில்லை என்று முதலில் எழுதியதை நாம் கவனிக்க வேண்டும். நல்ல சொல்லாகவே இருக்கட்டும். அது தன் சொந்தப் பெயரில் வரட்டும்.

ஊக்கமொழிக்கு நம் மரபில் முறையான பெயரே உண்டு: தர்கீப். நற்செயலில் ஆர்வமூட்டும் அறிவிப்புகளில் அறிஞர் பெருமக்கள் சற்று நெகிழ்வு காட்டினர் என்பதும் உண்மை. ஆனால் அந்நெகிழ்வுக்கு இமாம் இப்னு ஹஜர் (ரஹ்) விதித்த மூன்று நிபந்தனைகளை அவர்தம் மாணவர் ஸகாவீயே பதிவு செய்துள்ளார்: அறிவிப்பு மிகவும் பலவீனமாக இருக்கலாகாது, மார்க்கத்தின் பொதுவிதி ஒன்றன்கீழ் அடங்க வேண்டும், செயல்படுத்துகையில் அது நபியவர்களின் சொல்லென உறுதியாக நம்பலாகாது. ஹிஜ்ரி 656இல் (கி.பி. 1258) மறைந்த முன்திரீ (ரஹ்) தொகுத்த புகழ்பெற்ற நூலின் பெயர் அத்தர்கீப் வத்தர்ஹீப், ஆர்வமூட்டலும் அச்சமூட்டலும் என்பதாகும். பலவீனமானவற்றை அறிவிக்கப்படுகிறது என்னும் சொல்லால் தொடங்கி, படிப்பவர் முதற்சொல்லிலேயே தரத்தை அறியுமாறு அவர் வைத்தார். நாட்காட்டியின் இரண்டு விரற்கடையிலும் இடம்பிடிக்கக்கூடிய ஒரே ஒரு சொல் அது. அந்நூலின் பெயரில் உள்ள இரண்டாம் பாதி நம் காலத்தில் எங்கே போயிற்று என்பதும் எண்ணத்தக்கது. தர்ஹீப் அற்ற தர்கீபில், கேட்பவனிடம் திருத்திக்கொள்ள ஏதுமில்லை. பாராட்டு மட்டுமே மிச்சம்.

மவ்ரித் அறிந்தால் மட்டும் எல்லாம் தெளிந்துவிடும் என்று நாம் வாதிடுவதாகக் கொள்ளலாகாது. எந்த நிகழ்ச்சியோடும் கட்டப்படாமல், குறுஞ்சொல்லாகவே எழுதப்பட்ட நூலும் நம்மிடம் உண்டு. ஹிஜ்ரி 709இல் (கி.பி. 1309) கெய்ரோவில் மறைந்த இப்னு அதாஇல்லாஹ் அல் இஸ்கந்தரி (ரஹ்) அவர்களின் ஹிகம் அத்தகையது. இமாம் அபுல் ஹஸன் ஷாதுலி (ரஹ்) அவர்களின் மாணவரான அபுல் அப்பாஸ் அல் முர்ஸீ (ரஹ்) அவர்களிடம் பயின்றவர் இவர். ஷாதுலிய்யாவின் ஸாவியாக்களை காயல்பட்டினத்திலும் இலங்கையிலும் கண்டு வளர்ந்த நம்மவர்க்கு இப்பெயர்கள் அயலானவை அல்ல. ஹிகமில் உள்ளவை ஏறத்தாழ 264 வாசகங்கள். பதிப்புக்குப் பதிப்பு எண் சற்று வேறுபடும். பல வாசகங்கள் ஒரு நாட்காட்டித் தாளில் அடங்கக்கூடியவையே. ஆயினும் இந்நூல் தனியே கைக்கு வந்ததில்லை. பாஸ் நகரத்து கத்தீபாக இருந்த இப்னு அப்பாத் அர்ருந்தீ (இறப்பு ஹி. 792, கி.பி. 1390) உரை கண்டார். அஹ்மத் ஸர்ரூக் (இறப்பு ஹி. 899, கி.பி. 1493) ஒருமுறை எழுதி நிறைவடையாமல் பலமுறை பல உரைகள் எழுதினார். வரிசை மாறிக் கிடந்த வாசகங்களைப் பொருள்வாரியாக அடுக்கித் தந்தவர் இந்தியாவில் பிறந்து மக்காவில் வாழ்ந்த அலீ முத்தகீ (இறப்பு ஹி. 975, கி.பி. 1567). சொல் சிறிதாக இருந்தது. அதைச் சூழ்ந்து ஒரு மன்றமே அமர்ந்திருந்தது.

ஹிகமின் முதல் வாசகம் எங்கே தொடங்குகிறது என்பதே நம் ஊக்கமொழிகளுக்கு ஒரு மறுமொழி. அது, வெல்லப் புறப்படுபவனை நோக்கிப் பேசவில்லை. வழுக்கி விழுந்தவனை நோக்குகிறது. விழுந்தவுடன் அவனது நம்பிக்கை குறைந்துபோனால், அதுகாறும் அவன் சாய்ந்திருந்தது இறைவன்மீது அன்று, தன் செயலின்மீதுதான் என்பதற்கு அஃது அடையாளம் என்பது அதன் சாரம். முயன்றால் முடியும் என்னும் வாசகம் முயன்றும் முடியாதவனிடம் வந்ததும் வாயடைத்துப் போகிறது. அல்லது, நீ போதிய அளவு முயலவில்லை என்று குற்றம் சாட்டுகிறது. ஹிகமோ அந்த இடத்திலிருந்தே பேசத் தொடங்குகிறது. இதனால் முயற்சியை விட்டுவிடச் சொல்வதாகவும் ஆகாது. இரண்டாம் வாசகம் உலகக் காரியங்களில் நிறுத்தப்பட்டவன் அவற்றைத் துறக்க ஆசைப்படுவதையும் மறைவான இச்சை என்றே கண்டிக்கிறது. அதற்கு மவ்ரித் நூலாசிரியரின் வாழ்விலேயே உள்ளது எனலாம். மாலிகீ மார்க்கச் சட்டத்தில் தேர்ந்துகொண்டிருந்த இளைஞரான அவர், கல்வியை விட்டுவிட்டு குருவோடு வந்துவிடலாமா என்று தயங்கியபோது, அல் முர்ஸீ அவரை இறைவன் நிறுத்திய இடத்திலேயே நிற்கச் சொன்னார் என்று லதாயிஃபுல் மினனில் அவரே எழுதியுள்ளார். அவர் கல்வியை விடவில்லை. பிற்காலத்தில் அல் அஸ்ஹரில் பாடம் நடத்தினார்.

எம் சிறுவயதில் எங்கள் தெருவில் ஒரு பெரியவர் இருந்தார், மளிகைக்கடை வைத்திருந்தவர். அரபு எழுத்துக்கூட்டி ஓதுவாரேயன்றிப் பொருள் அறியார். நாட்காட்டித் தாளில் நபிமொழி வந்த நாள்களில் அதைக் கசக்கி எறியாமல் மடித்து மடியில் செருகிக்கொள்வார். மஃரிபு தொழுதபின் பள்ளிவாசல் ஹவுளின் ஓரத்தில் அமர்ந்திருக்கும் ஆலிம்ஸாவிடம் அதை நீட்டி, "இது எந்தக் கிதாபுல இருக்கு ஹஜ்ரத்?" என்று கேட்பார். ஆலிம்ஸா சில நாள் உடனே சொல்வார்; சில நாள் தாளை வாங்கி வைத்துக்கொண்டு ஒரு வாரம் கழித்துச் சொல்வார். அவர் மறைந்தபின் கடையைக் காலி செய்தபோது, நூல் கோத்த தாள்கட்டு ஒன்று கல்லாப்பெட்டியின் அடியில் இருந்தது. தாள்களின் ஓரத்தில் ஆலிம்ஸாவின் கையெழுத்தில் புகாரீ, திர்மிதீ, இப்னு மாஜா என்று நூற்பெயர்கள். சிலவற்றில் யாருக்கு, எப்போது சொல்லப்பட்டது என்று ஓரிரு வரிகள். இன்னும் சிலவற்றில், மங்கிய பென்சிலில், கிடைக்கவில்லை என்ற ஒரே சொல்.